மொரீஷியஸில் ஒரு நாள் மலை: எதில் ஏறுவது, வழிகாட்டி வேண்டுமா?

கேள்வி இதுதான்: "ஆகஸ்டில் ஒரு வாரம் மொரீஷியஸ் போகிறோம். ஒரு நாளை மலைக்கு ஒதுக்கியிருக்கிறோம். நான், மனைவி, 13 வயது மகள், 62 வயது அப்பா. அப்பா தினமும் நடப்பவர், ஆனால் முழங்கால் அவ்வப்போது தகராறு செய்யும். வழிகாட்டியோடு போகும் ஒருநாள் ட்ரெக்கிங் பற்றி நிறைய விளம்பரம் பார்க்கிறேன். மலைகள் எல்லாமே 800 மீட்டர் சொச்சம்தான், இதற்குப் போய் வழிகாட்டி எதற்கு என்றும் தோன்றுகிறது. எந்த மலைக்குப் போகலாம்?"

மொரீஷியஸில் எபேன் என்ற ஊரில் ஒரு அலுவலகத்தில் நான்கு வருஷம் வேலை பார்த்தேன். ஞாயிற்றுக்கிழமை வந்தால் மலைதான். அந்த அனுபவத்தில் முதலில் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்: நான்கு பேரும் சேர்ந்து போவதென்றால் லெ மோர்ன், அதுவும் வழிகாட்டியோடு. அப்பா பாதி வழியில் நின்றுகொள்வார் என்பதைக் கிளம்பும் முன்பே பேசி முடித்துக்கொள்ளுங்கள். லெ பூஸ் மலைக்கு நல்ல வானிலையில் நீங்களாகவே போய் வரலாம். பீட்டர் போத் இந்தத் தடவை வேண்டாம்.

இப்போது அந்த "800 மீட்டர் சொச்சம்" விஷயத்துக்கு வருகிறேன். எல்லோரும் ஏமாறுகிற இடம் அதுதான், நானும் ஏமாந்தேன். தீவிலேயே உயரமானது பிளாக் ரிவர் பீக், 828 மீட்டர். அடுத்து பீட்டர் போத், 820. மூன்றாவது லெ பூஸ், 812, கிட்டத்தட்ட நம் திருவண்ணாமலை உயரம். லெ மோர்ன் வெறும் 556. இந்தப் பட்டியலைப் பார்த்தால் லெ மோர்ன்தான் சுலபம் என்று தோன்றும். ஆனால் இந்த உயரமெல்லாம் கடல்மட்டத்திலிருந்து அளந்தது, நீங்கள் வண்டியை நிறுத்தும் இடத்திலிருந்து அல்ல. பிளாக் ரிவர் பீக் நடை தொடங்குவதே நடுத்தீவு மேட்டுநிலத்தில். பாதி உயரத்தை கார் ஏறிக் கொடுத்துவிடும். லெ பூஸுக்கு சேன் பியேர் ஊர்ப்பக்கம் போனால் அந்த ஊரே கிட்டத்தட்ட 400 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, மிச்சம் ஏறுவது 400 தான். லெ மோர்னோ கடலில் கால் நனைத்துக்கொண்டு நிற்கிற மலை. வாசலிலிருந்து மேலே சிலுவை நட்டிருக்கும் இடம் வரை 450 மீட்டருக்குக் குறையாமல் உங்கள் காலால்தான் ஏற வேண்டும். ஆக, மூன்றிலும் குள்ளமான மலைதான் அதிகம் ஏற வைக்கிறது. உயரமானது குறைவாக ஏற வைக்கிறது, ஆனால் கடைசித் துண்டில் கயிற்றைப் பிடித்துக்கொண்டு செங்குத்தான மண்ணில் போக வைக்கிறது.

அதனால் மலையின் உயரத்தை விட்டுவிட்டு இரண்டு கேள்வி கேளுங்கள். நடை எந்த உயரத்தில் தொடங்குகிறது? இறங்கும்போது கையை ஊன்ற வேண்டி வருமா? இரண்டாவதுதான் முக்கியம், குறிப்பாக முழங்கால் தகராறு உள்ளவருக்கு. ஏறும்போது மூச்சுதான் வாங்கும். இறங்கும்போதுதான் முட்டி பேசும்.

லெ மோர்ன் எப்படி என்று சொல்கிறேன். தீவின் தென்மேற்கு மூலையில், கடலுக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் தனிப் பாறைமலை. வாசலில் நோட்டில் பெயர் எழுதிவிட்டு உள்ளே போகவேண்டும். முதல் பாதி அகலமான மண்பாதை, இரண்டு பக்கமும் மரம், மெதுவான ஏற்றம். அப்பா இங்கே உங்களுக்கு முன்னால் நடப்பார். பிறகு ஒரு திறந்தவெளி வரும். அங்கிருந்தே கடல் முழுக்கத் தெரியும்: பவழத்திட்டின் வெள்ளைக் கோடு, அதற்குள் வெளிர்நீலம், அதற்கு வெளியே கருநீலம், வடக்கே பெனிதியே தீவு. அப்பா நிற்க வேண்டிய இடம் இதுதான். நிழல் உண்டு, உட்காரக் கல் உண்டு. உண்மையைச் சொன்னால், காட்சியில் முக்கால்வாசி இங்கேயே கிடைத்துவிடும்.

இதற்கு மேல் பாதை கிடையாது, பாறைதான். நான்கு காலிலும் ஏற வேண்டும். பிடிக்க இடம் நிறைய இருக்கிறது, எரிமலைப் பாறை காய்ந்திருந்தால் ஷூவை நன்றாகக் கவ்வும், 13 வயதுப் பெண் குரங்குக்குட்டி மாதிரி ஏறிவிடுவாள். சிக்கல் திரும்பி வரும்போது. ஏறும்போது கை வைத்த கல் கண்ணுக்கு நேரே இருந்தது. இறங்கும்போது அடுத்த கல் எங்கே என்றே தெரியாது, கீழே பார்த்தால் நேராகக் கடல். நான் முதல் தடவை தனியாகப் போனபோது ஒரு ஆள் உயரப் பாறை விளிம்பில் உட்கார்ந்துகொண்டு, காலைத் தொங்கவிட்டு, கால் மணி நேரம் அப்படியே இருந்தேன். எனக்குப் பின்னால் வந்த ஒரு குழுவின் வழிகாட்டி, ஐம்பது வயது கிரியோல்காரர், என்னைப் பார்த்துவிட்டு வந்தார். "முதுகைக் காட்டி இறங்காதே, மலைக்கு முகத்தைக் காட்டி இறங்கு" என்றார். திரும்பினேன். என் வலது கணுக்காலைப் பிடித்து ஒரு பிளவில் வைத்தார். "தூஸ்மா, தூஸ்மா." மெதுவாக, மெதுவாக. அடுத்தது இடது கால். ஏணியில் இறங்குவது போலத்தான், அவ்வளவே. மூன்று உறுப்பு பாறையில் இருக்கும்போது நாலாவதை மட்டும் நகர்த்து, இதுதான் மொத்தப் பாடம். வழிகாட்டிக்குக் கொடுக்கும் பணம் பாதை காட்டுவதற்கு என்று நினைத்துக்கொண்டிருந்தேன். லெ மோர்னில் பாதை தொலைவதே கஷ்டம். பணம் அந்தக் கணுக்காலுக்குத்தான்.

இன்னொன்றுக்கும். இந்த மலையின் கதையைச் சொல்லித் தர ஆள் வேண்டும்.

18ஆம் நூற்றாண்டிலும் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் எஜமானர்களிடமிருந்து தப்பியோடிய அடிமைகள் இந்த மலையின் குகைகளிலும் உச்சியிலும் ஒளிந்து வாழ்ந்தார்கள். அவர்களுக்கு மரூன் என்று பெயர். எட்ட முடியாத பாறை என்பதுதான் அவர்களுடைய கோட்டை. 1835 பிப்ரவரி 1ஆம் தேதி மொரீஷியஸில் அடிமைமுறை ஒழிக்கப்பட்டது. அந்தச் செய்தியைச் சொல்லத்தான் ஆட்கள் மலையேறி வந்தார்கள், நம்மைப் பிடிக்க வருகிறார்கள் என்று நினைத்து மேலே இருந்தவர்கள் குதித்துவிட்டார்கள் என்பது வாய்வழியாக வந்த கதை. பிப்ரவரி 1 இன்றும் அங்கே அரசு விடுமுறை. 2008இல் யுனெஸ்கோ இந்த மலையை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தபோது, அடிமைகள் வந்த இடங்களாக ஆப்பிரிக்கா, மடகாஸ்கர், தென்கிழக்கு ஆசியா ஆகியவற்றோடு இந்தியாவையும் சேர்த்தே குறிப்பிட்டது. நம் ஆட்கள் ஒப்பந்தக் கூலியாகத்தான் அங்கே போனார்கள் என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். அதற்கு முன்பே அடிமையாகவும் கொண்டுபோகப்பட்டிருக்கிறார்கள். 1735இல் பிரெஞ்சு கவர்னராக வந்த லா பூர்தொனே, போர்ட் லூயி நகரத்தைக் கட்டப் புதுச்சேரிப் பக்கமிருந்து கைவினைஞர்களை வரவழைத்தார். அதே காலத்தில் அதே கடல்வழியில் விலங்கோடு வந்தவர்களும் உண்டு. மேலே நின்று இதைக் கேட்டால் கீழே தெரிகிற நீலத்தைப் போட்டோ எடுப்பதில் கொஞ்சம் தயக்கம் வரும். எடுக்கத்தான் போகிறீர்கள், நானும் எடுத்தேன்.

மேலே சிலுவையோடு நின்றுவிட வேண்டும். அதற்கப்பால் உண்மையான உச்சிக்கு முன்னே ஒரு பிளவு இருக்கிறது, மரூன்கள் அதில் பலகை போட்டுத் தாண்டினார்கள் என்பார்கள். அங்கே போகச் சொல்லும் ஆள் வழிகாட்டி இல்லை. திரும்பும்போது சிவப்பு மணி போலத் தொங்கும் பூ கண்ணில் பட்டால் நின்று பாருங்கள், தொடாதீர்கள். அது நாட்டின் தேசிய மலர், த்ரொகேசியா பூத்தோனியானா. இயற்கையாக இந்த ஒரு மலையில் மட்டும்தான் இருக்கிறது. அதன் தேனே சிவப்பாக இருக்கும்.

லெ மோர்ன் போய்வர மூன்றரையிலிருந்து நாலரை மணி நேரம் வைத்துக்கொள்ளுங்கள். காலை வெளிச்சம் வந்ததும் தொடங்கிவிட வேண்டும். ஆகஸ்ட் அங்கே குளிர்காலம்தான், ஆனாலும் பத்தரை மணிக்கு மேல் அந்த மேற்குப் பாறையில் வெயில் அடுப்பு மாதிரி. இன்னொரு விஷயம், குளிர்காலத்தில் ஆறு மணிக்கெல்லாம் இருட்டிவிடும். மதியம் சாப்பிட்டுவிட்டு ஏறலாம் என்ற யோசனையே வேண்டாம்.

லெ பூஸ் வேறு மாதிரி சுகம். பிரெஞ்சில் லெ பூஸ் என்றால் கட்டைவிரல். தூரத்திலிருந்து பார்த்தால் யாரோ லிஃப்ட் கேட்கிற மாதிரி இருக்கும். சேன் பியேர் பக்கம் கரும்புத் தோட்டத்தின் நடுவே நடை தொடங்குகிறது. ஆகஸ்ட் கரும்பு வெட்டும் காலம், அதனால் லாரிக்கு ஒதுங்கி நடங்கள். தோட்டத்தில் அங்கங்கே கருங்கல்லைக் குவித்து மேடு கட்டியிருப்பதைப் பார்ப்பீர்கள், சில இடத்தில் பிரமிடு மாதிரியே இருக்கும். சுற்றுலாப் பயணிகள் கோயிலா என்று கேட்பார்கள். நிலத்திலிருந்த பாறையைக் கையால் பொறுக்கி, கரும்பு நட இடம் செய்த கூலியாட்கள் அடுக்கியவை அவை. பிறகு காடு, அப்புறம் ஒரு சமதளம். அங்கே காற்று உங்களைத் தள்ளும். கடைசியாகக் கட்டைவிரல் மட்டும் பாறை, ஆனால் அது பத்துப் பதினைந்து நிமிடம்தான். 1836இல் பீகிள் கப்பலில் வந்த டார்வின் இதில் ஏறியிருக்கிறார். மேலேயிருந்து போர்ட் லூயி மொத்தமும் தெரியும், குதிரைப் பந்தயத் திடல், துறைமுகம் எல்லாம். துறைமுக ஓரத்தில் இருக்கும் 'அப்ரவாசி காட்' என்ற படித்துறையில்தான் 1834 முதல் 1920 வரை ஏறக்குறைய ஐந்து லட்சம் இந்தியர்கள் ஒப்பந்தக் கூலிகளாக வந்து இறங்கினார்கள். மேலே நின்று துறைமுகத்தைப் பார்த்துவிட்டு, கீழே இறங்கும் வழியில் அந்தக் கல்மேட்டை இன்னொரு தடவை பாருங்கள்.

லெ பூஸிலிருந்து கிழக்கே பார்த்தால் பீட்டர் போத் தெரியும், உச்சியில் உருண்டைக் கல்லைத் தலை மாதிரி வைத்துக்கொண்டு. டச்சு கிழக்கிந்திய கம்பெனியின் முதல் கவர்னர் ஜெனரல் பெயர் அது. 1615இல் ஊர் திரும்பும் வழியில் மொரீஷியஸ் கரையருகே கப்பல் உடைந்து இறந்தவர். அந்தக் கல் உண்மையில் ஒரு பால்காரன், மலையில் தேவதைகள் ஆடியதைப் பார்த்துவிட்டு ஊரில் போய்ச் சொன்னதால் கல்லானான் என்று அங்கே பிள்ளைகளுக்குக் கதை சொல்வார்கள். அதன்மேல் ஏற கயிறு, இடுப்புப்பட்டை, ஹெல்மெட் எல்லாம் வேண்டும். பயிற்சியும் துணிச்சலும் உள்ளவருக்கு வழிகாட்டியோடு அருமையான நாள். குடும்பத்தோடு போகிற இடம் இல்லை.

இந்த மலைகளெல்லாம் ஏன் இப்படி விரலாகவும் தலையாகவும் துருத்திக்கொண்டு நிற்கின்றன என்று மகள் கேட்டால் சொல்ல ஒரு நல்ல பதில் இருக்கிறது. தீவே ஒரு பழைய எரிமலை. அதன் நடு இடிந்து, விளிம்பும் தேய்ந்து, மிச்சமிருக்கும் துண்டுகள்தான் இந்த மலைகள். அந்த எரிமலையை உருவாக்கிய சூடு பூமிக்குள் இன்னும் இருக்கிறது, இப்போது பக்கத்து ரியூனியன் தீவுக்கு அடியில். சுமார் 6.6 கோடி வருஷத்துக்கு முன்பு அந்த இடத்துக்கு மேலே இருந்தது இந்தியா. மும்பை, புனே பக்கமெல்லாம் பார்க்கிற தக்காணக் கரும்பாறை அப்போது அந்தச் சூட்டிலிருந்து கொட்டியதுதான். இந்தியா வடக்கே நகர்ந்து போய்விட்டது, வழியில் மாலத்தீவு, பிறகு மொரீஷியஸ் என்று வரிசையாகத் தடம் விட்டுக்கொண்டே. அவளுக்குப் பிடிக்கும்.

மழை பற்றி. நடுத்தீவில் க்யூர்பிப் ஊர் இருக்கும் மேட்டில் கொட்டிக்கொண்டிருக்கும், அதே நேரம் மேற்குக் கரையில் பளீர் வெயிலடிக்கும். தென்கிழக்குக் காற்று மேட்டில் மழையைக் கொட்டிவிட்டு மேற்கே வெறும் கையோடு வருகிறது. அதனால் உங்கள் ஹோட்டல் ஜன்னலில் மழை என்பதால் லெ மோர்னை ரத்து செய்யாதீர்கள், ஹோட்டலில் வெயில் என்பதால் லெ பூஸ் காய்ந்திருக்கும் என்றும் நம்பாதீர்கள். ஈரமான லெ பூஸ் சோப்புக்கட்டி. செம்மண், அதன்மேல் பாசி, அதன்மேல் உதிர்ந்த கொய்யாப்பழம். சீனக் கொய்யா என்று ஒரு சிவப்புக் குட்டிக் கொய்யா, வெளியிலிருந்து வந்து காட்டையே பிடித்துக்கொண்ட செடி. பழம் ருசியாக இருக்கும் என்பதால் அதை யாரும் திட்டுவதில்லை. அந்தப் புதரில் கையை விடும் முன் இலைக்கு அடியில் பாருங்கள், மஞ்சள் குளவிக் கூடு தொங்கும். பாம்புப் பயம் அங்கே கிடையாது, குளவிதான்.

வழிகாட்டியைப் பிடிக்கும்போது விலையை மட்டும் கேட்காதீர்கள். அரசு உரிமம் இருக்கிறதா, குழுவில் எத்தனை பேர் என்று கேளுங்கள். ஒருவருக்கு எட்டுப் பேருக்கு மேல் என்றால் அந்தப் பாறைப்பகுதியில் அவர் யாருடைய கணுக்காலையும் பிடிக்க முடியாது. அப்புறம், "எங்கள் அப்பா பாதியில் நிற்பார், அப்போது என்ன செய்வீர்கள்?" என்று நேராகக் கேளுங்கள். "அவரும் வந்துவிடுவார், ஒன்றும் கஷ்டமில்லை" என்று சொல்பவரை விட்டுவிடுங்கள். பதிலை யோசித்துச் சொல்பவரை வையுங்கள். மழை வந்தால் திரும்பிவிடுவேன், பணம் இப்படி, என்று முன்பே சொல்பவர் இன்னும் நல்லவர். மொழி பிரச்சினையில்லை, பெரும்பாலானவர்களுக்கு ஆங்கிலம் வரும். தமிழ் பேசுபவர் கிடைப்பார் என்று மட்டும் எதிர்பார்க்காதீர்கள். ரூபாய் நோட்டில் தமிழ் இருக்கும், தைப்பூசத்துக்கு விடுமுறை இருக்கும், முருகன் கோயில் இருக்கும், ஆனால் வீட்டில் பேசுவது பிரெஞ்சிலிருந்து பிறந்த கிரியோல் மொழி. இருந்தாலும் அந்த கிரியோலில் கறிவேப்பிலை கரிபுலே, முருங்கைக்கீரை ப்ரெத் முரும், பீர்க்கங்காய் பிபெங்காய். சந்தையில் நின்று காதைத் தீட்டினால் பாட்டி குரல் கேட்கும்.

சாப்பாட்டுக்கு ஹோட்டல் பொட்டலத்தை நம்ப வேண்டாம். காலையில் கிளம்பும்போது வழியில் ஒரு தெருக்கடையில் காதோ பிமா வாங்கிக்கொள்ளுங்கள். நம் பருப்பு வடையேதான், எலுமிச்சை அளவில் உருண்டையாக. வெண்ணெய் தடவிய பன்னை நடுவில் கீறி உள்ளே நான்கு வைத்துத் தருவார்கள். மேலே போய்ச் சாப்பிட்டால் வடை ஆறியிருக்கும், எண்ணெய் பன்னில் இறங்கியிருக்கும், அதுதான் பக்குவம். தண்ணீர் ஆளுக்கு இரண்டு லிட்டர், பாதை நெடுக எங்கேயும் கிடைக்காது. ஆம்புலன்ஸ் எண் 114, போனில் போட்டு வையுங்கள்.

கடைசியாக ஷூ. இதைச் சொல்லாமல் விட்டால் மனசு கேட்காது. என்னைப் பார்க்க ஊரிலிருந்து வந்த சித்தப்பா நல்ல விலை கொடுத்து வாங்கிய ட்ரெக்கிங் ஷூவோடு வந்தார். ஆறு வருஷம் முன்பு வாங்கியது, இரண்டே தடவை போட்டது, அட்டைப் பெட்டியில் பத்திரமாக இருந்தது. லெ மோர்ன் திறந்தவெளியைத் தாண்டி இருபது நிமிடத்தில் வலது ஷூவின் அடிப்பாகம் முன்னால் வாயைத் திறந்தது. இன்னும் பத்து அடியில் முழுசாகக் கழன்று கையோடு வந்துவிட்டது. உள்ளே இருந்த நுரை, பழைய ரஸ்க் மாதிரி உதிர்ந்தது. அந்த வகை நுரை போட்டாலும் போடாவிட்டாலும் காற்றின் ஈரத்தில் வருஷக்கணக்கில் உள்ளுக்குள்ளேயே இற்றுப்போகும், பெட்டியில் வைத்தால் சீக்கிரமே. எங்களோடு வந்த வழிகாட்டி ஒரு வார்த்தை பேசவில்லை. பையிலிருந்து பிளாஸ்டிக் கேபிள் டையை எடுத்து, ஷூவைச் சுற்றி மூன்று இடத்தில் இழுத்துக் கட்டி, மிச்ச வாலைப் பல்லால் கடித்து நறுக்கினார். சித்தப்பா அப்படியே கீழே இறங்கி வந்தார். மாதத்துக்கு ஒருவருக்காவது இப்படி ஆகும் என்றார் அந்த ஆள்.

அப்பாவின் ஷூவை இன்றைக்கே எடுத்து, முன்பக்கத்தையும் குதியையும் பிடித்து நன்றாக மடக்கிப் பாருங்கள். ஓரத்தில் மயிரிழை அளவு விரிசல் தெரிந்தாலும் புதிது வாங்குங்கள், வாங்கியதை ஆகஸ்டு வரை தினமும் காலை நடைக்குப் போடச் சொல்லுங்கள்.